பச்சை அட்டை, இடது பக்கம், மீன் படம்

அன்புள்ள சம்மந்தியம்மா,

கடிதம் என்றால் "நல்லா இருக்கீங்களா" என்று தொடங்கித்தான் எனக்குப் பழக்கம். உங்களிடம் அதை எப்படிக் கேட்பது என்று தெரியாமல் இரண்டு தாளைக் கிழித்துப் போட்டுவிட்டேன். மூன்றாவது தாளும் வீணாக வேண்டாம், கேட்டே விடுகிறேன். நல்லா இருக்கீங்களா? அங்கே படிக்க ஏதாவது கிடைக்கிறதா?

இங்கே எல்லோரும் சௌக்கியம். உங்கள் மகள் தேவி ஸ்கூட்டர் ஓட்டப் பழகிவிட்டாள். பின்னால் உட்காரும் என் மகன் குமார்தான் வளைவு வந்தால் கண்ணை மூடிக்கொள்கிறான். உங்கள் தோட்டத்து அன்னாசி இந்த வருடம் நல்ல இனிப்பு. செம்மேட்டில் நேற்றிலிருந்து விடாத தூறல். என் தையல் கடை வாசலில் யாரோ ஒரு குடையை மறந்துவிட்டுப் போயிருக்கிறார்கள், இன்னும் கேட்டு வரவில்லை.

இந்தக் கடிதத்தை நம் நூலகத்துச் சுவரில் ஒட்டப்போகிறார்களாம். "உங்க சம்மந்தியப் பத்தி நீங்கதான் எழுதோணும்" என்று நூலகர் அம்மா பிடித்த பிடியில் நிற்கிறார். உங்களைப் பற்றி எழுத வரவில்லை, உங்களுக்கு எழுதுகிறேன் என்று சொல்லிவிட்டேன். உங்களைத் தெரியாதவர்களும் படிப்பார்கள். ஆகவே உங்களுக்கு நன்றாகத் தெரிந்த சங்கதிகளையே உங்களுக்குச் சொல்ல வேண்டியிருக்கிறது. பொறுத்துக்கொள்ளுங்கள்.

நம் முதல் சந்திப்பில் எனக்கு உங்களைப் பிடிக்கவே இல்லை. தேவியைப் பெண் கேட்டுக் நம் மலையிலேயே அந்தப் பக்கம் குண்டூர் நாட்டில் இருக்கும் உங்கள் வீட்டுக்கு வந்திருந்தோம். நான் கொடுத்த பழப்பையைப் பிரித்தீர்கள். பழத்தைத் தட்டில் வைத்துவிட்டு, சுற்றியிருந்த செய்தித்தாளை நீவி, இந்தப் பக்கம் ஒரு பார்வை, அந்தப் பக்கம் ஒரு பார்வை. என் வீட்டுக்காரர் குலம் கோத்திரமெல்லாம் சொல்லிக்கொண்டிருக்கும்போது நடுவில் கேட்டீர்கள்: "ஏனுங்க, கடலூர்ப் பக்கம் ஆத்துல புதுப் பாலம் கட்டறாங்களாமுங்க?"

நம் பேச்சில் இந்த அம்மாவுக்கு மனசே இல்லை என்று எனக்குச் சுருக்கென்றது. கிளம்பும்போது வாசலில் நின்று, நாங்கள் பேசிய அத்தனையையும், என் நாத்தனார் மகனுக்கு எந்த ஊரில் பெண் எடுத்தோம் என்பது உட்பட, வரிசை மாறாமல் திருப்பிச் சொல்லி, "எல்லாஞ் சரிங்க, எங்களுக்குச் சம்மதம்" என்றீர்கள்.

எட்டாம் வகுப்போடு நின்றவர் நீங்கள். மிளகும் மரவள்ளியும் போட்டு, களை எடுத்து, மாட்டைப் பார்த்து, மீதி நேரத்தில் நூலகத்தையே காலி செய்துகொண்டிருந்தீர்கள். நான் பத்தாவது வரை படித்தவள், பெயர் வேறு சரஸ்வதி. ஆனால் விரலை வரிக்குக் கீழே வைத்து எழுத்துக் கூட்டினால்தான் எனக்கு மண்டையில் ஏறும். ஒரு முழுப் புத்தகத்தை அதுவரை முடித்ததே இல்லை.

கல்யாணத் துணி எடுக்கச் சேந்தமங்கலம் போனது நினைவிருக்கிறதா? எழுபது கொண்டை ஊசி வளைவு. பஸ்ஸில் பாதிப் பேர் மூக்கில் எலுமிச்சம்பழம், மீதிப் பேர் கையில் பிளாஸ்டிக் பை. என் வீட்டுக்காரர் ஜன்னலுக்கு வெளியே தலையை விட்டவர் உள்ளே எடுக்கவில்லை. நீங்கள் மட்டும் மடியில் ஒரு தடிப்புத்தகத்தை விரித்து, வளைவுக்கு வளைவு பக்கத்தைத் திருப்பிக்கொண்டு வந்தீர்கள்.

"ஏனுங்க சம்மந்தி, உங்களுக்குத் தலை சுத்தலீங்களா?" என்று கேட்டேன்.

"எதுக்குங்க சுத்தோணும்? பஸ்ஸுதானுங்க திரும்புது. எழுத்து நேராத்தானே இருக்குது."

கீழே அடிவாரத்தில் காரவள்ளி வருவதற்குள் புத்தகம் முடிந்துவிட்டது. நான் நம்பவில்லை. பிடுங்கி நடுவில் ஒரு பக்கத்தைத் திறந்து, இதில் என்ன வருகிறது என்று கேட்டேன். அந்தக் கதையில் மாமனாரும் மருமகனும் கிணற்றுக்காகச் சண்டை போடும் இடம் அது. யார் முதலில் கை ஓங்கினார், யார் விலக்கிவிட்டார் என்று ஒன்று விடாமல் சொன்னீர்கள். ஆனால் திரும்பி வரும்போது அதே புத்தகத்தைப் பற்றிப் பேசுகையில் "அந்தச் செவப்பு அட்டைப் புஸ்தகம்" என்றீர்கள். அட்டை வெள்ளை. உங்கள் பையிலேயே இருந்தது.

உங்கள் ஞாபகத்தின் குணம் அதுதான் என்று பிறகு தெரிந்துகொண்டேன். உள்ளே இருந்தது ஒன்றும் தப்பாது. வெளியே இருந்தது ஒன்றும் நிற்காது.

அன்றைக்குத்தான் அச்சகத்தில் கல்யாணப் பத்திரிகையின் மாதிரியைக் கொடுத்தார்கள். நானும் குமாரும் ஐந்து தடவை படித்துச் சரி என்றோம். நீங்கள் வாங்கி ஒரு பார்வைதான் பார்த்தீர்கள். "அண்ணனக் கொன்னுட்டாங்களே" என்று சிரிக்க ஆரம்பித்தீர்கள். என் மாமனார் பெயருக்கு முன்னால் வர வேண்டிய "காலஞ்சென்ற" என் வீட்டுக்காரர் பெயருக்கு முன்னால் ஏறியிருந்தது. அவர் பக்கத்தில் சோடா குடித்துக்கொண்டிருந்தார். அன்றுமுதல் இன்றுவரை அவர் உங்களை "எனக்கு உசுரு குடுத்த மகராசி" என்றுதான் சொல்கிறார்.

இதெல்லாம் சந்தோஷக் கதை. நமக்குள் மனஸ்தாபம் வந்த கதையையும் சொல்ல வேண்டும், இல்லாவிட்டால் இந்தக் கடிதத்துக்கு அர்த்தமே இல்லை.

போன வருடம் சித்திரையில் ஒரு நாள் என்னை உங்கள் தோட்டத்துக்குக் கூட்டிப்போனீர்கள். சில்வர் ஓக் மரங்களில் மிளகுக் கொடி ஏற்றியிருந்தீர்கள். கொடி சின்னதாக இருக்கும்போது மரத்தோடு சேர்த்துப் பழைய சேலைக் கிழிசலால் கட்டுவது நம் மலையில் எல்லோரும் செய்வதுதான். ஒரு மரத்தைக் காட்டினீர்கள். கட்டு இருந்த இடமே தெரியவில்லை. துணி மக்கிப்போயிருந்தது, கொடி தன் வேரால் மரத்தைப் பிடித்து ஏறியிருந்தது.

பக்கத்து மரத்துக்குக் கூட்டிப்போனீர்கள். அங்கே ரோஸ் கலர் நாடா ஒன்று கொடியின் கழுத்தை நெரித்துக்கொண்டிருந்தது. மேலே இலையெல்லாம் மஞ்சள்.

"தேவி பள்ளிக்கூடம் போனப்பக் கட்டுனதுங்க இது. ரெண்டும் ஒரே நாள்ல கட்டுனது. அது பருத்தி. இது என்ன துணிங்க?"

நான் தொட்டுப் பார்த்தேன். சாயம்கூட மங்கவில்லை. பாலியஸ்டர். கடையில் நான் வாய் ஓயாமல் சொல்லும் வார்த்தை ஒன்று உண்டு, "நல்லா உழைக்கும்". அதையேதான் அப்போதும் சொன்னேன்.

"உழைக்குதுங்க" என்றீர்கள். "போதும்னு சொன்னாலும் உழைக்குது."

அத்தோடு விட்டுவிடுவீர்கள் என்று நினைத்தேன். நீங்கள் விடுவீர்களா? அந்த வாரமே நூலகத்தில் துணியைப் பற்றி இருந்ததையெல்லாம் படித்துத் தள்ளிவிட்டீர்கள்.

ஆனி மாதம் மகளிர் குழுக் கூட்டம். ஆடிப் பதினெட்டு அன்று கோவிலுக்கு எல்லோரும் ஒரே மாதிரிச் சேலையில் போவது என்று பேச்சு. குழுத் தலைவி மல்லிகா பளபளவென்று ஒரு ரோஸ் சேலையை எடுத்து வந்து காட்டினாள். எல்லோருக்கும் பிடித்துவிட்டது. நாற்பது பேருக்கும் ரவிக்கை தைக்கும் வேலை எனக்கு. அவ்வளவு பெரிய வேலை என் கடைக்கு அதுவரை வந்ததில்லை. உங்களுக்கு அது தெரியும். தெரிந்தும் எழுந்தீர்கள்.

"இந்தத் துணி பெட்ரோல் வார அதே எண்ணெயில இருந்து செய்யறதுங்க. தொவைக்கத் தொவைக்கக் கண்ணுக்குத் தெரியாத நூலு உதிரும். ஓடையில போயி, ஆத்துல போயி, மீனு வயித்துக்குள்ள போகுது. மண்ணுல போட்டா மக்காது. எரிச்சா விஷப் பொகை. நம்ம தொவைக்கற தண்ணிதானுங்க கீழ இருக்கறவங்களுக்குப் போகுது?"

"எதுல படிச்சீங்கக்கா?" என்று மல்லிகா கேட்டாள்.

"பச்சை அட்டை போட்ட புஸ்தகம். இடது பக்கம். ஓரத்துல ஒரு மீன் படம் இருக்கும்."

மல்லிகா சொன்ன பதிலும் நியாயம்தான். "ஐப்பசி மழையில பருத்திச் சேலை மூணு நாளானாலும் காயாதுக்கா. ஈரச் சேலையக் கட்டிட்டா காட்டு வேலைக்குப் போறது? இந்தத் துணி ஒரு மணி நேரத்துல காயுது. நம்ம மாதிரி ஆளுங்களுக்கு இதுதான் கட்டுபடியாகும்."

அப்போதுதான் தமயந்தி டீச்சர் பேசினார். பள்ளியில் வேலை பார்த்து ஓய்வு பெற்றவர், ஊரில் அவர் பேச்சுக்கு மரியாதை. "பழனியம்மா, நீ வேகமாப் படிக்கறவ. வேகமாப் படிக்கறவங்க ஒண்ணோட ஒண்ணக் கலந்துருவாங்க. புஸ்தகத்தக் கொண்டா, படிச்சுப் பாத்துட்டு முடிவு பண்ணலாம்" என்றார்.

நீங்கள் நூலகத்துக்கு ஓடினீர்கள். அடுத்த வாரமும் ஓடினீர்கள். பச்சை அட்டை கிடைக்கவே இல்லை. ரோஸ் சேலையே முடிவாயிற்று.

ஆடிப் பதினெட்டுக்கு எடுத்த போட்டோ கடையில் மாட்டியிருக்கிறது. முப்பத்தொன்பது பேர் ரோஸ். நடுவில் நீங்கள் மட்டும் வெளுத்துப்போன நீலப் பருத்திச் சேலையில். நான் தைத்துக் கொடுத்த ரவிக்கையைக்கூட நீங்கள் போடவில்லை. என் மானத்தை வாங்குவதற்கென்றே அப்படி வந்ததாக நினைத்தேன். "சம்மந்தி வேலையில மண்ணப் போட்டவங்க" என்று நாலு பேரிடம் சொன்னேன். உங்கள் காதுக்கும் வந்திருக்கும்.

கார்த்திகையில் ஒரு நாள் கடைக்கு வந்தீர்கள். நான் மிஷினை விட்டுத் தலையைத் தூக்கவில்லை. தைத்து முடித்த ரவிக்கைக் கையையே பிரித்து மறுபடியும் தைத்துக்கொண்டிருந்தேன். கொஞ்ச நேரம் நின்றீர்கள். "அந்தப் புஸ்தகம் கெடைச்சா வந்து சொல்றேனுங்க. வாரேன்" என்று கிளம்பினீர்கள். உட்காருங்க என்று ஒரு வார்த்தை நான் சொல்லவில்லை. சொல்லியிருந்தால் என்ன குறைந்திருப்பேன்?

மாசியில் மிளகு பறிப்பு. உதவிக்கு வந்த தேவியிடம், ஏணியை விட்டு இறங்கி, "தண்ணி குடு கண்ணு" என்று கேட்டிருக்கிறீர்கள். அவள் சொம்போடு வருவதற்குள் மரத்தில் சாய்ந்தபடியே போய்விட்டீர்கள். உங்கள் அவசரம் இதிலுமா?

காரியமெல்லாம் முடிந்து பத்துப் பதினைந்து நாள் கழித்து தேவி என்னிடம் சொன்னாள். "அத்தை, அன்னைக்கு ஏணியில ஏறறதுக்கு முன்னாடி அம்மா எங்கிட்டப் பேசுனதே அந்தப் புஸ்தகத்தப் பத்தித்தான். ஊருல எல்லாரும் அவங்க கதை கட்டிச் சொன்னதா நெனைக்கறாங்க. அம்மா படிக்காததப் படிச்சேன்னு சொல்ல மாட்டாங்க."

மறுநாள் நான் நூலகத்துக்குப் போனேன். வாழ்க்கையில் முதல் தடவை. நீங்கள் எடுத்த புத்தகங்களின் பட்டியலைக் காட்டச் சொன்னேன். நூலகர் அம்மா சிரித்துவிட்டார். "அந்தப் பட்டியலும் நூலகமும் ஒண்ணுதாங்க. அவங்க எடுக்காத புஸ்தகத்தக் கேளுங்க, டக்குனு சொல்லிருவேன்."

முதலில் பச்சை அட்டைகளாகப் பார்த்தேன். சமையல் ஒன்று, சோதிடம் ஒன்று, ஆடு வளர்ப்பு ஒன்று. பிறகு மீன் படம் உள்ளவை. ஒரு மாதம் மீன்களைப் பற்றியே படித்தேன். கெண்டைக்கும் கெளுத்திக்கும் என்ன வித்தியாசம் என்று இப்போது யார் கேட்டாலும் சொல்வேன், யாரும்தான் கேட்பதில்லை. வாடிக்கையாளர் இல்லாத நேரத்தில் மிஷின் பலகையில் புத்தகத்தை வைத்து, விரலை ஓட்டிக்கொண்டு உட்கார்ந்திருப்பேன். என் வீட்டுக்காரர் எட்டிப் பார்த்து, "நேத்தும் இதே பக்கத்துலதான இருந்த?" என்பார். பக்கம் அதேதான், வரி வேறு என்பேன்.

அந்தச் சமயத்தில் நானும் தேவியும் உங்கள் தோட்டத்துக்குப் போய், மரம் மரமாக அந்த நாடாக்களை வெட்டி எடுத்தோம். ரோஸ், பச்சை, வயலட், எதற்கும் நிறம் போகவில்லை. ஒரு சாக்கு நிறைந்தது. கொடிகளை வாழை நாரால் கட்டிவிட்டு வந்தோம். மக்காத சாக்கை என்ன செய்வது? எரிக்கக் கூடாது, புதைக்கக் கூடாது, ஓடையில் போடக் கூடாது. கடைசியில் அதை அடைத்துக் கடை முக்காலிக்கு மெத்தை தைத்துவிட்டேன். இந்தக் கடிதத்தை அதன் மேல் உட்கார்ந்துதான் எழுதுகிறேன். சொகுசாகத்தான் இருக்கிறது.

வைகாசியில் புத்தகம் கிடைத்தது, சம்மந்தியம்மா.

பிள்ளைகள் பகுதியில், கீழ்த்தட்டில். அட்டை பச்சை இல்லை, நல்ல மஞ்சள். நூல் எங்கிருந்து வருகிறது, துணி எப்படி ஆகிறது என்று பள்ளிப் பிள்ளைகளுக்காக எழுதிய ஒல்லிப் புத்தகம். இடது பக்கம் என்று சொன்னது மட்டும் சரி. எண்ணெயிலிருந்து செய்யும் துணி, துவைக்கும்போது உதிரும் நூல், மீன் வயிறு, நீங்கள் சொன்னது ஒன்று விடாமல் அங்கே இருந்தது. ஓரத்தில் படமும் இருந்தது. ஆனால் அது மீன் இல்லை. கைத்தறியில் ஊடுநூலைக் கொண்டு ஓடுமே, நாடா, அதன் படம். இரண்டு பக்கமும் கூராக, நடுவில் அகலமாக, கண் மாதிரி ஒரு ஓட்டையோடு. வேகமாகப் பார்த்தால் மீன்தான்.

நான் நூலகத்திலேயே சத்தமாகச் சிரித்துவிட்டேன். அப்புறம் அழுதேன். நூலகர் அம்மா தண்ணீர் கொண்டுவந்து கொடுத்தார்.

வீட்டுக்கு எடுத்துப்போய் தேவிக்கு வாசித்துக் காட்டினேன். அப்போதுதான் வலது பக்கத்தையும் படித்தேன். அதில் பருத்தியைப் பற்றி இருந்தது. பருத்தி எவ்வளவு தண்ணீர் குடிக்கிறது, எவ்வளவு பூச்சிமருந்து கேட்கிறது, சாயப்பட்டறைத் தண்ணீர் எங்கே போகிறது என்று. எந்தத் துணியானாலும் புதிதாக ஒன்றைச் செய்யும்போது மண்ணுக்கும் தண்ணீருக்கும் பாரம்தான், இருப்பதை நெடுநாள் உடுத்துவதே நல்லது என்று முடிந்திருந்தது.

தேவியின் முகம் மாறியது. "அத்தை, இதக் கூட்டத்துல படிக்க வேண்டாம். இடது பக்கத்தோட நிறுத்திக்கலாம். அம்மா சொன்னது சரின்னு ஆயிருச்சே, அது போதும்."

எனக்கும் அதுதான் ஆசை. நீங்கள் ஏன் அந்தப் பக்கத்தைப் படிக்கவில்லை என்று மட்டும் விளங்கவில்லை. ஒரு பக்கத்தை விடுகிற ஆளா நீங்கள்? பஸ்ஸில் படித்துக்கொண்டு போயிருப்பீர்கள், உங்கள் நிறுத்தம் வந்திருக்கும், மூடிப் பையில் போட்டுக்கொண்டு இறங்கியிருப்பீர்கள். நான் அப்படித்தான் நினைத்துக்கொள்கிறேன்.

ஆனியில் கூட்டம். இந்த வருடத்துக்கு மல்லிகா பச்சைச் சேலை எடுத்து வந்திருந்தாள். அதுவும் பாலியஸ்டர்தான். ரவிக்கை வேலை இந்த முறையும் எனக்குத்தான். நான் எழுந்து, புத்தகம் கிடைத்துவிட்டது என்றேன். விரலை வைத்து ஒவ்வொரு வரியாக வாசித்தேன். டீ ஆறிப்போனது. யாரும் எழுந்து போகவில்லை.

இடது பக்கம் முடிந்ததும் தமயந்தி டீச்சர் எழுந்து நின்றார். "பழனியம்மா சரியாத்தான் சொல்லிருக்கா. நாந்தான் அவசரப்பட்டுட்டேன்" என்றார். எல்லோரும் கை தட்டினார்கள். தேவி கண்ணைத் துடைத்துக்கொண்டாள். அத்தோடு நான் உட்கார்ந்திருக்கலாம்.

நீங்கள் உயிரோடு இருந்து, யாராவது அந்த வலது பக்கத்தைக் காட்டியிருந்தால் என்ன செய்திருப்பீர்கள் என்று யோசித்தேன். "அடடே, இதப் பாக்கலீங்களே" என்று நீங்களே எழுந்து சொல்லியிருப்பீர்கள். அதனால் விரலை வலது பக்கத்துக்குக் கொண்டுபோனேன். தேவி என்னைப் பார்த்தாள். வாசித்தேன்.

முடிந்ததும் மல்லிகாதான் கேட்டாள். "அப்ப நாங்க கட்டுனதும் தப்பு, பழனியம்மாக்கா கட்டுன பருத்தியும் தப்பு. கோவிலுக்கு அம்மணமாவா போறது?"

சிரிப்பு அடங்க வெகுநேரம் ஆனது. டீச்சர் சொன்னார்: "ஊட்டுல இருக்கறதக் கட்டிட்டுப் போறது. பழனியம்மா புதுசு வாங்கலியே. இருந்ததத்தானே கட்டிட்டு வந்தா?"

அதைக் கேட்டதும் எனக்குச் சுரீரென்றது. அந்தப் போட்டோவைத் தினமும் பார்க்கிறேன், இது எனக்குத் தோன்றவே இல்லையே. பருத்தியோ பாலியஸ்டரோ, நாற்பது பேரில் புதிதாக ஒன்றும் வாங்காமல் வந்தவர் நீங்கள் ஒருவர்தான். படிக்காத பக்கத்தையும் சேர்த்தே உடுத்தியிருந்தீர்கள்.

மல்லிகாவுக்கு எதையும் விளையாட்டாக்கத் தெரியும். பச்சைச் சேலையை மடித்து வைத்துவிட்டு, "சரி, இந்த வருசம் யாரு சேலை ரொம்பப் பழசோ அவங்களுக்குப் பரிசு" என்று அறிவித்துவிட்டாள். பரிசு, உங்கள் மரத்துப் பலாப்பழம். தேவி கொடுத்தாள்.

என் ரவிக்கை வேலை போயிற்றே என்று அன்று வீட்டுக்கு வரும் வழியில் கொஞ்சம் மனசு கனத்தது உண்மை. மூன்றே நாள். பெட்டியிலிருந்து பழைய சேலையை எடுத்தவர்களுக்கெல்லாம் பழைய ரவிக்கை பத்தவில்லை. "சரசக்கா, கொஞ்சம் பிரிச்சு விடுங்க", "கையில ஒரு துண்டு ஒட்டுப் போடுங்க" என்று கடை வாசலில் வரிசை. போன வருடத்தைவிட வேலை அதிகம். மிஷினுக்கு இரண்டு தடவை எண்ணெய் போட்டேன்.

ஆடிப் பதினெட்டு அன்று ஊர்வலத்தை நீங்கள் பார்த்திருக்க வேண்டும். உங்கள் இடத்தில் தேவியையும் சேர்த்து நாற்பது பேர், பல நிறம். ஒவ்வொரு சேலைக்கும் ஒரு கதை. ஒருத்தி வளைகாப்புச் சேலை, ஒருத்தி முதல் சம்பளத்தில் எடுத்தது. போன வருடத்து ரோஸையே கட்டி வந்தவர்களும் உண்டு. அவர்களை யாரும் ஒன்றும் சொல்லவில்லை, சொல்லவும் கூடாது. தேவி உங்கள் நீலத்தைக் கட்டியிருந்தாள். மூன்றாம் இடம்.

முதல் இடம் யாருக்குத் தெரியுமா? தமயந்தி டீச்சருக்கு. அவருடைய கல்யாணத்துக்கு எடுத்த நைலக்ஸ் சேலை, பாலியஸ்டர் மாதிரி அதுவும் எண்ணெயில் பிறந்த துணிதான்! பெரிய பெரிய ஆரஞ்சுப் பூ. ஒரு நூல் பிரியவில்லை, ஒரு பூ மங்கவில்லை, நேற்றுக் கடையிலிருந்து எடுத்தது மாதிரி. பலாப்பழத்தை இரண்டு கையிலும் அணைத்துக்கொண்டு சொன்னார்: "இது அழியாதுன்னு பழனியம்மா எச்சரிச்சா. நல்லாப் பாத்துக்குங்க, அழியல. அதனாலதான் நானும் தூக்கிப் போடல. இனி நான் இருக்கற வரைக்கும் கட்டுவேன்."

உங்கள் எதிர்க்கட்சியே உங்கள் பேச்சுக்குச் சாட்சியாக வந்து பரிசும் வாங்கிக்கொண்டது. நீங்கள் இருந்திருந்தால் எத்தனை சிரித்திருப்பீர்கள்!

எல்லாம் மாறிவிட்டது என்று உங்களிடம் பொய் சொல்ல மாட்டேன். ஐப்பசி வந்தால் காயாத பருத்தியை வைத்துக்கொண்டு யாரும் உட்கார்ந்திருக்க மாட்டார்கள். என் கடைக்கும் பாலியஸ்டர் துணி வரத்தான் செய்கிறது, நானும் தைக்கத்தான் செய்கிறேன். ஆனால் ஓடையில் குளித்துவிட்டுப் பழைய துணியை அங்கேயே விட்டுவிட்டு வருவதை நம் குழுக்காரர்கள் நிறுத்திவிட்டார்கள். மார்கழிக் குளிருக்குப் பழைய சேலையைப் போட்டு எரிப்பதில்லை என்றும் பேசியிருக்கிறோம். மிளகுக் கொடிக்கு வாழை நார் கட்டும் தோட்டங்கள் உங்கள் பக்கம் ஐந்தாறு ஆகிவிட்டன. பழுது பார்க்க, ஒட்டுப் போட, பிரித்துத் தைக்க என்று என் கடையில் தனியாக ஒரு கூடை வைத்திருக்கிறேன். அது காலியாக இருந்த நாளே இல்லை.

கார்த்திகையில் நீங்கள் கடை வாசலில் நின்றீர்களே, அதற்கு நான் மன்னிப்புக் கேட்கவில்லை. இப்போது கேட்கிறேன். ஊரார் படிக்கும் சுவரிலேயே கேட்கிறேன். என்னை மன்னித்துவிடுங்கள், சம்மந்தியம்மா. நீங்கள் என் வேலையில் மண்ணைப் போடவில்லை. எனக்குத்தான் அன்றைக்கு எதையும் நிதானமாகப் பார்க்கத் தெரியவில்லை. மெதுவாகப் படிப்பவள் என்ற பெயர் மட்டும் எனக்கு.

கடைசியாக ஒரு செய்தி. நூலகத்தில் என் பெயருக்கே உறுப்பினர் அட்டை வாங்கிவிட்டேன். எதையும் தேடுவதற்காக இல்லாமல், சும்மா படிக்கவே ஒரு நாவல் எடுத்து வந்திருக்கிறேன். எனக்கு முன்னால் அதை எடுத்தவர் நீங்கள்தான் என்று நூலகர் அம்மா சொன்னார். கதையில் ஒரு பெண் யாரிடமும் சொல்லாமல் ரயிலேறிவிட்டாள். அவளுடைய சிநேகிதி ஸ்டேஷனுக்கு ஓடுகிறாள். நான் அந்த இடத்தில் இருக்கிறேன். முப்பத்தொன்றாம் பக்கம்.

அவளைப் பிடித்தாளா இல்லையா என்று உங்களுக்குத் தெரியும். ஒரு வளைவில் படித்து, அடுத்த வளைவில் அழுதிருப்பீர்கள். தயவுசெய்து கனவில்கூட வந்து சொல்லிவிடாதீர்கள். எத்தனை மாதம் ஆனாலும் சரி, ஒரு வரியும் தாண்டாமல், ஒரு பக்கமும் விடாமல், கடைசிவரைக்கும் நானே படித்துத் தெரிந்துகொள்வேன். இது உங்களுக்கு நான் கொடுக்கும் வாக்கு.

இப்படிக்கு,
உங்கள் தேவிக்கு அத்தையும்
உங்களுக்கு என்றைக்கும் சம்மந்தியுமான
சரஸ்வதி
செம்மேடு, கொல்லிமலை